ஓசூரில் ராஜா ஒரு தரம் தாண்டுவார்

சேலம், காலை ஆறேகால்.

மாசி மாதத்து வியாழக்கிழமை. கிருஷ்ணகிரி பஸ்ஸில் எனக்குக் கிடைத்தது பின்சக்கரத்துக்கு மேலே உள்ள இடம். முன்னால் நான்கு இடங்கள் காலியாக இருந்தன. அவை ‘ரிசர்வ்’ என்றார் கண்டக்டர். யாருக்கு என்று கேட்டேன். “வர்றவங்களுக்கு” என்றார். தர்மபுரி வரை அந்த நான்கு இடங்களும் காலியாகவே வந்தன. கட்டணம் இரண்டு ரூபாய் இரண்டணா. முழங்கால் வலி தனி.

நான் கோயிலுக்கோ கல்யாணத்துக்கோ கிளம்பவில்லை. சதுரங்கத்தில் ஒரு ராஜா செய்த காரியத்துக்கு நியாயம் கேட்கக் கிளம்பினேன். என் மகன் சிரித்தான். மருமகள் சிரிக்காமல் நான்கு இட்லியைக் கட்டிக் கொடுத்தாள்.

விஷயம் இதுதான். ஓசூரில் காதர் பாய் என்று ஒருவர் புளி மண்டி வைத்திருக்கிறார். நான்கு வருஷத்துக்கு முன் ஒரு மழைநாளில், செவ்வாய்ப்பேட்டைக் கடை ஒன்றில் ஒதுங்கி நின்றபோது அவரைச் சந்தித்தேன். கடைக்காரரிடம் பலகை இருந்தது, ஆடினோம். ஒவ்வொரு காயை எடுக்கும்போதும் பாய் கடைக்காரரைத் திரும்பிப் பார்த்து, “நீங்க என்ன சொல்றீங்க?” என்று கேட்டார். மரியாதை தெரிந்த மனிதர் என்று நினைத்துக்கொண்டேன். மழை விட்டது, ஆட்டம் முடியவில்லை. “மீதியைக் கார்டுல முடிச்சுக்கலாம் மாஸ்டர்” என்றார். நான் முப்பத்தொரு வருஷம் பள்ளிக்கூடத்தில் கணக்குச் சொல்லிக்கொடுத்தவன். கட்டங்களுக்கு என் பக்கத்து இடது மூலையிலிருந்து ஒன்று முதல் அறுபத்து நான்கு வரை எண் கொடுத்தேன். அன்று முதல் முக்காலணாக் கார்டில் ஆட்டம் நடக்கிறது. இது மூன்றாவது ஆட்டம்.

புதன்கிழமை தோறும் அவர் கார்டு வரும். பென்ஷன் ஆபீசைத் தவிர என் பெயருக்குத் தபால் போடுகிறவர் அவர் ஒருவரே. காய் நகர்த்தலை எழுதியபின் கார்டில் இடம் மிஞ்சுமே, அதில் நானும் எதையாவது எழுதுவேன். கால் வலி, காப்பியில் மருமகள் போடும் தண்ணீர், இரவில் வராத தூக்கம். இரண்டு வருஷத்துக்கு முன் என் மனைவி இறந்ததையும் ஒரு நகர்த்தலுக்குக் கீழேதான் எழுதினேன். அதற்கு வந்த பதிலில் நகர்த்தல் இல்லை. “இந்த வாரம் ஆட்டம் வேண்டாம். பலகை அப்படியே இருக்கும். ஒரு காயையும் யாரும் தொட மாட்டார்கள்” என்று மட்டும் இருந்தது. வீட்டுக்கு வந்து துக்கம் கேட்டவர்கள் அறுபது பேருக்குக் குறையாது. அவர்கள் சொன்னதில் ஒரு சொல்லும் எனக்கு நினைவில்லை. அந்தக் கார்டைத் தனியாக எடுத்து வைத்திருக்கிறேன்.

இப்போது நடக்கும் ஆட்டத்தில் பாயின் ராஜாவை ஐந்து மாதமாக, ஒரு செக்கும் சொல்லாமல், கடைசி வரிசையிலேயே நெருக்கிக்கொண்டு வந்தேன். இன்னும் ஒரே நகர்த்தலில் ஆட்டம் முடிந்திருக்கும். போன வாரத்துப் புதன் வந்த கார்டில், “ராஜா 61-லிருந்து 55” என்று இருக்கிறது. ராஜா எந்தப் பக்கமானாலும் ஒரு கட்டம்தான் நகரலாம். இவருடைய ராஜா குதிரையைப் போலக் காவலைத் தாண்டிக் குதித்துவிட்டார்! தப்பாக எழுதிவிட்டீர்களா என்று கேட்டு எழுதினேன். “தப்பில்லை. இந்தப் பக்கம் ராஜா ஒரு தரம் தாண்டுவார்” என்று நேற்றுப் பதில் வந்தது.

நான்கு வருஷமாகச் சொல்லாத சட்டம், தோற்கப் போகும் வாரத்தில் வருகிறது. எனக்கு மிஞ்சியிருக்கும் சிநேகிதர் அவர் ஒருவர்தான். அவர் என்னை ஏமாற்றினாரா இல்லையா என்று தெரியாமல் சோறு இறங்கவில்லை. அதனால் நூறு மைல் போகிறேன்.

கிருஷ்ணகிரி, பத்தே முக்கால்.

தொப்பூர்க் கணவாயில் பஸ் இரண்டு முறை நின்று தண்ணீர் குடித்தது. ஒன்பதரைக்கு வரவேண்டியது இப்போதுதான் வந்து சேர்ந்தது. ஓசூர் பஸ் பன்னிரண்டு மணிக்கு.

மலைக்கோட்டையின் பாறை ஊரின் தலைக்குமேல் கவிழ்ந்து நிற்கிறது. இத்தனை பெரிய பாறையைப் பார்த்துக்கொண்டு இந்த ஊர்க்காரர்கள் எப்படித்தான் தூங்குகிறார்களோ! பஸ் நிற்கும் இடத்துக்கு எதிரில் ஒரு சைக்கிள் கடை. அதன் முன் கிடந்த பலகைக் கல்லில் கரியால் கட்டம் போட்டு இருவர் ஆடிக்கொண்டிருந்தார்கள். ஒருவர் கடைக்காரர். மற்றவர் தலைப்பாகை கட்டிய மாங்காய் வியாபாரி. காய்களுக்குப் பதில் நட்டும் போல்ட்டும். ராஜாவாக நின்றது சைக்கிள் மணியின் மூடி. இரண்டு ராஜாக்களும் எதிரெதிரே நிற்கவில்லை. ஒருவருடைய ராஜாவுக்கு எதிரே மற்றவருடைய மந்திரி நின்றது.

“ராஜாவைத் தப்பாக வைத்திருக்கிறீர்களே” என்றேன்.

“இன்னாங்க பெரியவரே, வந்ததும் வராததுமா ராஜாவையே மாத்தறீங்க?” என்றார் வியாபாரி. “ராஜாவும் ராஜாவும் மூஞ்சியப் பாத்துகினு நின்னா ஆட்டம் எப்படி நடக்கும்? சண்டைதான் நடக்கும்.”

இங்கே ராஜா குதிரைபோல் தாண்டலாமா என்று கேட்டேன்.

“ஒரு தரம் தாண்டலாம். அதுவும் அவருக்குக் கிஸ்து வுழறதுக்கு முந்தி” என்றார் கடைக்காரர். நாங்கள் ‘செக்’ என்பதை இவர்கள் ‘கிஸ்து’ என்கிறார்கள். “ஒரு தரம் கிஸ்து வாங்கிட்டார்னா அப்புறம் நம்மளாட்டம் நடந்துதான் போகணும்.”

“தாண்டும்போது காயை வெட்டலாமா?”

“கூடாது” என்றார் கடைக்காரர். “வெட்டலாம்” என்றார் வியாபாரி. இருவரும் ஆட்டத்தை விட்டுவிட்டு அதற்குச் சண்டை போட ஆரம்பித்தார்கள். வியாபாரி பாரூர்க்காரராம். அங்கே வெட்டுவார்களாம். பாரூருக்கும் கிருஷ்ணகிரிக்கும் இருபது மைல்கூட இருக்காது!

“காவேரிப்பட்டணத்துல கேட்டா வேற சொல்லுவான்” என்றார் கடைக்காரர். “ஆனா ஒண்ணு, கடைசிக் காயை வெட்டக்கூடாது, அது எல்லா ஊருக்கும் ஒண்ணுதான். ராஜாவை ஒத்தையில மொட்டையா வுட்டா ஆட்டம் செத்துப்போச்சு. ஜெயிச்சவனுக்கும் பாதிதான்.”

அப்போது ஓசூர் பஸ் உறுமியது. பன்னிரண்டு மணி பஸ் பதினொன்றே முக்காலுக்கே கிளம்புகிறது. தாமதத்தையாவது மன்னிக்கலாம், இதை எந்தக் கணக்கில் சேர்ப்பது? பையைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். ராஜா தாண்டுவது பாய் கட்டிவிட்ட கதையில்லை என்பது மட்டும் மனதில் நின்றது. கொஞ்சம் நிம்மதி, கொஞ்சம் ஏமாற்றம். நியாயம் கேட்க நூறு மைல் வருகிறவனுக்கு அறுபத்தெட்டாவது மைலிலேயே வழக்கு பாதி போய்விட்டது.

சூளகிரி வழியாக.

முப்பத்திரண்டு மைல், கட்டணம் ஒரு ரூபாய். சூளகிரி தாண்டியதும் காற்று மாறுகிறது. மாசி வெயிலிலும் காதுக்குத் துணி கேட்கிறது. பஸ்ஸுக்குள் பாஷையும் மாறிவிட்டது. எனக்கு முன்னால் இருந்த அம்மாள் கண்டக்டரிடம் தெலுங்கில் டிக்கெட் கேட்டு, கன்னடத்தில் சில்லறைக்குச் சண்டை போட்டு, என்னிடம் தமிழில், “காலைக் கொஞ்சம் மடக்குங்க சாமி, கோழி இருக்குது” என்றாள். ஓசூர் மைசூரோடு சேருமா மதராஸோடு இருக்குமா என்று பின்னால் இருவர் விவாதித்தார்கள். “எங்கே சேந்தா என்ன, ராகிக் களி அதே உருண்டைதான்” என்று அந்த அம்மாள் திரும்பாமலே தீர்ப்புச் சொன்னாள்.

ஓசூர், பிற்பகல் இரண்டு இருபது.

மண்டியைத் தேட வேண்டியிருக்கவில்லை. பேட்டைத் தெருவில் புளிப்பு நாற்றம் வந்த வழியே போனேன். கோரைப்பாய் விரித்துக் குவித்த புளி மலை. அதை ஒட்டி நீளமான பெஞ்சு, பெஞ்சின்மேல் பலகை, பலகையில் என் ஆட்டம். தூரத்திலிருந்தே தெரிந்தது. 55-ல் அந்த ராஜா நின்றுகொண்டிருந்தார். சுற்றிலும் எட்டுப் பேர்.

காதர் பாய் என்னைப் பார்த்ததும் எழுந்து ஓடிவந்தார். தாடி முழுக்க வெளுத்திருந்தது. “மாஸ்டர்! ஒரு கார்டு போடக்கூடாதா? ஸ்டாண்டுக்கு வண்டி அனுப்பியிருப்பேனே!” என்று இரு கைகளையும் பிடித்துக்கொண்டார். அந்த ஒரு நிமிஷம் நான் வந்த காரியத்தை மறந்திருந்தேன் என்று எழுதத்தான் வேண்டும்.

அதற்குள் பெஞ்சிலிருந்து ஒரு குரல். “சேலத்து வாத்தியாரா? ஏய், நம்ம வாத்தியார் வந்துட்டாருப்பா!”

குரலுக்கு உரியவர் முனியப்பா. பாகலூர்ப் பக்கத்து விவசாயி. புளி கொண்டுவந்து போட்டவர், விலை படிந்தும் ஊருக்குப் போகாமல் உட்கார்ந்திருக்கிறார். என்னை ஏற இறங்கப் பார்த்தார். “முட்டி இப்ப எப்படி வாத்தியாரே? விளக்கெண்ணெய் தடவச் சொல்லி எழுதினோமே, தடவினீங்களா?”

“மருமக காப்பியில இன்னும் தண்ணி ஊத்துதா?” என்றார் இன்னொருவர். எல்லாரும் சிரித்தார்கள்.

அதெல்லாம் நான் பாய்க்கு மட்டும் என்று எழுதியது. கணக்குப்பிள்ளை ராவ் மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு எழுந்து கும்பிட்டார். “நான்தான் சார் எழுதறது. பாய்க்குத் தமிழ் பேச வரும், எழுத வராது. என் கையெழுத்து உங்களுக்குப் பழக்கமாயிருக்குமே.”

பழக்கம்தான். நான்கு வருஷமாக அந்தக் கையெழுத்தைத்தான் காதர் பாயின் முகமாக வைத்திருந்தேன்.

பிறகு எல்லாம் விவரமாகத் தெரிந்தது. மறைக்க வேண்டும் என்று அவர்களுக்குத் தோன்றவே இல்லை. வெள்ளிக்கிழமை என் கார்டு வரும். ராவ் அதை உரக்கப் படிப்பார், முதலில் நகர்த்தலை, பிறகு மீதியை. யார் என்ன காயை நகர்த்தலாம் என்று மூன்று நாள் பேசுவார்கள். திங்கட்கிழமை முடிவு கட்டி எழுதிப் போடுவார்கள். தாண்டச் சொன்னது முனியப்பா. “ராஜாவுக்கு ஒரு தாண்டல் பாக்கியிருக்கே, மறந்துட்டீங்களாய்யா-ன்னு நான்தான் ஞாபகப்படுத்தினேன்” என்று பெருமையாகச் சொன்னார்.

“பாய்” என்றேன். “நான் உங்களோடு ஆடினேன். எட்டுப் பேரோடு ஆடவில்லை.”

காதர் பாய்க்குப் புரியவில்லை. “ஆட்டம்னா கூட நாலு பேர் சொல்றதுதானே மாஸ்டர்? சேலத்துல வாயை மூடிக்கிட்டா ஆடுவாங்க?”

“நான் எழுதியதையெல்லாம் படித்தீர்களே!”

“கார்டுதானே மாஸ்டர். ஒட்டியா அனுப்பினீங்க?”

அவர் சொன்னது சரி. அதுதான் இன்னும் எரிச்சல் மூட்டியது. அடுத்ததைக் கேட்டிருக்கக் கூடாது, கேட்டேன். “என் மனைவி போனபோது வந்த பதில்?”

ஒருவரும் சிரிக்கவில்லை. ராவ் கண்ணாடியை இறக்கிக்கொண்டார். “அன்னிக்கு ரொம்ப நேரம் ஆச்சு சார். பாய், அல்லாவோட நாட்டம்னு எழுதச் சொன்னார். நான் கீதையிலேருந்து ஒண்ணு சொன்னேன். ஒத்துவரலே. முனியப்பாதான் பலகை அப்படியே இருக்கும்னு எழுதுங்கய்யா, அது போதும்னார். யாரும் தொட மாட்டாங்கன்னு கடைசியில ஒருத்தர் சேர்த்தார். யாருன்னு இப்ப ஞாபகமில்லே.”

யார் என்று அவர்களுக்கே ஞாபகமில்லை! இரண்டு வருஷமாக நான் தனியாக எடுத்துவைத்துப் படித்தது, புளி மூட்டைகளுக்கு நடுவில் எட்டுப் பேர் ஏலம் கூறி எடுத்த வாக்கியம்.

“ராஜா தாண்டியது செல்லும்” என்றேன். “நான் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் மீதி ஆட்டத்தைப் பாய் மட்டும் ஆட வேண்டும். வேறு யாரும் வாயைத் திறக்கக் கூடாது.”

“வாத்தியாரே, காலாளை மொதல்ல ரெண்டு கட்டம் ஓட விடணும்னு நீங்க அடம் பிடிச்சப்போ நாங்க விட்டுக் கொடுத்தோம்” என்றார் முனியப்பா. “இங்க எந்த ஊர்லயும் காலாள் ஒரு கட்டம்தான். மூணு ஆட்டமா உங்களுக்காக ஓடவிடறோம்.”

“விடு முனியப்பா” என்றார் காதர் பாய். “விருந்தாளி கேக்கறார்.” பெஞ்சில் எனக்கு எதிரே உட்கார்ந்தார். மற்றவர்கள் தள்ளிப்போய் மூட்டைகள்மேல் வரிசையாக உட்கார்ந்துகொண்டார்கள்.

மூன்று மணிக்கு ஆரம்பித்தோம். இரண்டாவது நகர்த்தலிலேயே தெரிந்துவிட்டது, காதர் பாய்க்குத் தனியாக ஆட வராது. காயைத் தொடுவார், பழக்கத்தில் திரும்பிப் பார்ப்பார், என் முகத்தைப் பார்த்துக் கையை எடுத்துக்கொள்வார். ஒரு குதிரையை வெட்டினேன். மூட்டைப் பக்கம் ஒருவர் ‘த்சு’ கொட்டினார். திரும்பி முறைத்தேன். யானையை வெட்டினேன். ஒட்டகம் என்று அவர்கள் சொல்லும் தேரை வெட்டினேன். பாய் கொடுத்த டீ ஆறி ஏடு கட்டியது, நான் தொடவில்லை. முனியப்பா துண்டின் முனையை வாயில் கவ்விக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

பாய் பக்கம் ராஜாவும் ஒரு காலாளும் மிஞ்சினார்கள். என் யானையைக் கடைசி வரிசைக்குக் கொண்டுபோனால் அதோடு முடிந்தது. எனக்கு அது தெரிந்தது, என் மந்திரியின் வழியில் அந்தக் காலாள் நின்றதும் தெரிந்தது. வெட்டிய காய்கள் என் பக்கம் பதினான்கு இருந்தன. பதினைந்தாவது வேண்டும் என்று கை போயிற்று. வெட்டினேன்.

மூட்டைகள்மேல் இருந்தவர்கள் எல்லாரும் ஒரே மூச்சாக, “பாதி!” என்றார்கள்.

கிருஷ்ணகிரிக் கடைக்காரர் சொன்னது அப்போதுதான் நினைவுக்கு வந்தது. எல்லா ஊருக்கும் ஒன்றே ஒன்றாக இருக்கும் சட்டம் என்று சொன்னாரே, அதைத்தான் மறந்திருந்தேன்.

முனியப்பா துண்டை வாயிலிருந்து எடுத்தார். “என்ன வாத்தியாரே, ஜெயிச்ச ஆட்டத்தை இப்படிக் கெடுத்துட்டீங்களே! ஒரு காலாளை விட்டிருந்தா முழு ஆட்டம் உங்களுதுதானே. மொட்டை அடிச்ச ராஜாவை எவன் அடிப்பான்?” குரலில் கேலி இல்லை. எனக்காகத்தான் வருத்தப்பட்டார். என்னால் அதைத்தான் தாங்க முடியவில்லை.

காதர் பாய் பலகையையே பார்த்துக்கொண்டிருந்தார். நெற்றியில் வியர்வை. “இருபது வருஷமா இந்த மண்டியில ஆடறேன் மாஸ்டர்” என்றார் மெதுவாக. “என்னை யாரும் தனியா உக்கார வெச்சதில்லை.”

நான் ஏமாற்றப்பட்டவன் என்றுதான் வந்தேன். அந்த நிமிஷத்தில் அவர் முகத்தைப் பார்த்தபோது யார் யாரை என்ன செய்தார் என்ற கணக்கு எனக்குக் கலைந்துவிட்டது. ஒன்று மட்டும் சொல்வேன். அவர் பார்த்த பார்வையில் நான் நான்கு வருஷமாகக் கார்டு போட்ட மனிதன் இல்லை, புளிக்கு விலை குறைத்துக் கேட்கும் வெளியூர்க்காரன்.

மாலை ஐந்தரை.

இரவு தங்கச் சொன்னார்கள். வீட்டில் எனக்கென்று மரக்கறி சமைக்கச் சொல்லிவிட்டதாகப் பாய் சொன்னார். மறுத்துவிட்டேன். கிருஷ்ணகிரியில் தங்கி விடிந்ததும் போகிறேன் என்றேன். ராவ் பஸ் வரை வந்தார். சந்திரசூடேஸ்வரர் மலை வெயில் இறங்கிச் சிவந்து நின்றது. ஒரு நாள் தங்குகிறவர்கள் ஏறிப் பார்க்கலாம், நல்ல படிகள் என்றார். நான் ஏறி எண்ணிப் பார்க்கவில்லை.

ஜன்னல் ஓரம் நின்று அவர் கேட்டார். “பாதி ஆட்டம் எடுத்தவர்தான் அடுத்த ஆட்டத்துக்கு மொதல் காயை நகர்த்தணும் சார். இங்கே அப்படி ஒரு வழக்கம். கார்டு நீங்கதான் போடணும். போடுவீங்களா?”

பஸ் கிளம்பிவிட்டது. நல்ல வேளையாக அன்று அது நேரத்துக்குக் கிளம்பியது.

சேலம், அடுத்த புதன்கிழமை.

தபால்காரர் எங்கள் வாசலைத் தாண்டிப் போனார். “இன்னைக்குக் கார்டு வரலையா மாமா?” என்றாள் மருமகள். அவளுக்குப் புதன்கிழமை தெரியும் என்பது எனக்கு அன்றுதான் தெரிந்தது.

“வராது. நான்தான் போடணும்.”

“போடுங்களேன்” என்று காப்பியை வைத்துவிட்டுப் போனாள்.

எங்கள் வீட்டில் நான் பலகை முன் உட்கார்ந்தால் தோளுக்குப் பின்னால் ஒருவரும் நிற்பதில்லை. யாரும் ‘த்சு’ கொட்டுவதில்லை. தப்பான காயை எடுத்தால் துண்டைக் கடித்துக்கொண்டு வருத்தப்பட ஆள் இல்லை. இத்தனை நாள் அதற்கு ஒழுங்கு என்று பெயர் வைத்திருந்தேன். ஓசூர் போய் வந்தபின் அதை என்னவென்று சொல்வது என்று தெரியவில்லை. அதற்காக அந்த எட்டுப் பேரை மன்னித்துவிட்டேன் என்றும் யாரும் நினைக்க வேண்டாம்.

இரண்டு நாள் கழித்துக் கார்டை எடுத்தேன். விலாசத்தைக் காதர் பாய் பெயருக்கே எழுதினேன். எப்போதும் என் முதல் நகர்த்தல் காலாள் 13-லிருந்து 29, இரண்டு கட்டம். இம்முறை 13-லிருந்து 21 என்று எழுதினேன், ஒரு கட்டம்.

அதன் கீழே முக்கால் கார்டு காலியாக இருந்தது. கால் வலி அப்படியேதான் இருக்கிறது. தூக்கமும் வருவதில்லை. இரண்டையும் எழுதாமல் பேனாவை மூடினேன். எட்டுப் பேர் படிக்க அவ்வளவு போதும்.